நாலு மணி விமானமும் காணாமல் போன அகல்விளக்கும்

அத்தியாயம் 9

விமானத்தைப் பார்த்ததும் மணிவேலுக்கு அதன்மேல் இரக்கம்தான் வந்தது. பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டில் நிற்கும் மினி பஸ்ஸுக்கு இரண்டு பக்கமும் இறக்கை முளைத்தால் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது அது. அரியலூருக்கு வெளியே, ஒரு காலத்தில் ஏதோ சுண்ணாம்புக்கல் சுரங்கத்துக்காகப் போட்ட ஓடுபாதை. ஓரத்தில் கருவேல முள், நடுவில் விரிசல், விரிசலில் ஓர் ஆடு.

"மேடம், இது தானா பறக்குமா, இல்ல பின்னாடி நின்னு தள்ளி விடணுமா?"

"வண்டியை ஓரமா நிறுத்து மணி. நாலு மணிக்கு அது கிளம்பிடும். அதுக்குள்ள வேலை முடியணும்" என்றாள் வெற்றிச்செல்வி, ஹெல்மெட்டைக் கழற்றி அவன் கையில் திணித்தபடி.

பெரம்பலூரில் ஜெராக்ஸ் கடை மாடியில் துப்பறியும் நிறுவனம் நடத்துகிறாள் வெற்றிச்செல்வி. மணிவேல் அவளுடைய உதவியாளன். மாப்பிள்ளை விசாரணைதான் அங்கே பிரதான தொழில். அன்றும் அரியலூரில் ஒரு மாப்பிள்ளை உண்மையிலேயே இன்ஜினியர்தானா என்று பார்க்கத்தான் இருவரும் வந்திருந்தார்கள். மாப்பிள்ளை டீக்கடையில் சமோசா தின்றுகொண்டிருந்த முக்கியமான கட்டத்தில் தனத்திடமிருந்து போன் வந்தது. எடுத்ததும் அழுகை. அப்புறம்தான் பேச்சு.

தனம் ஓடி வந்தாள். நீலப் புடவை, மார்பில் 'வழிகாட்டி' என்று அட்டை. திருச்சியில் ஒரு ஜவுளிக்கடையில் அவள் சேலை விரித்துக் காட்டிக்கொண்டிருந்தபோது, அங்கே நடந்த ஒரு திருட்டை வெற்றிச்செல்விதான் கண்டுபிடித்தாள். வரலாற்றில் எம்.ஏ. படித்துவிட்டு ஆறு வருடம் சேலை மடித்த பெண் தனம். அந்த வேலையை விட்டுவிட்டு இந்தச் சுற்றுலாக் கம்பெனியில் சேர்ந்து, இன்றுதான் முதல் நாள்.

"அக்கா, எல்லாம் போச்சுக்கா."

"எதுவும் போகலை. மூச்சு விட்டுட்டுச் சொல்லு."

அவள் சொன்னது இதுதான். சென்னையிலிருந்து காலையில் விமானம், இறங்கியதும் வேன், வாலிகண்டபுரம் கோயில், கங்கைகொண்ட சோழபுரம், மாளிகைமேடு, விக்கிரமங்கலத்தில் வாழையிலைச் சாப்பாடு, மாலையில் மறுபடி விமானம். ஒரே நாளில் சோழர் காலத்தைப் பார்த்துவிட்டு ராத்திரிச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போய்விடலாம் என்பது கம்பெனியின் விளம்பரம். ஏழு பயணிகள். மாளிகைமேட்டுப் பக்கம் ஊர்க்காரர்கள் சேர்ந்து நடத்தும் சின்னக் காட்சியகத்தில் கூரை ஒழுகுகிறது என்று பூட்டு. பொறுப்பாளர் உத்திராபதி மனமிரங்கி, அங்கிருந்தவற்றில் ஒரே ஒரு பொருளைத் தனத்தின் கையில் கொடுத்து அனுப்பினார். "வேன்ல வச்சுக் காட்டும்மா. நாலு மணிக்கு நானே வந்து வாங்கிக்கிறேன்."

ஆயிரம் வருஷத்துக்கு முந்திய மண் அகல்விளக்கு. உள்ளங்கை அகலம். பஞ்சு வைத்த மரப்பெட்டியில் இருந்தது. இப்போது பஞ்சு இருக்கிறது, பெட்டி இருக்கிறது, விளக்கு இல்லை.

"முதலாளி சென்னையிலேர்ந்து போன் பண்ணாரு. நாலு மணிக்குள்ள கிடைக்கலைன்னா போலீஸ்ல உன் பேரைத்தான் குடுப்பேன், வேலைக்கும் வர வேணாம்னுட்டாருக்கா" என்றாள் தனம். சேலை மடிக்கப் போவதென்றாலும் இனி எந்தக் கடையிலும் அவளைச் சேர்க்க மாட்டார்கள். அது அவளுக்கும் தெரியும், மணிவேலுக்கும் தெரியும். அவனுக்குக் கொஞ்ச நேரம் எந்த நக்கலும் வரவில்லை.

வேன் நிழலில் பயணிகள் நின்றார்கள். எல்லோருக்கும் முன்னால், வெள்ளை வேட்டியும் வெள்ளைச் சட்டையுமாக ஒருவர் கையை ஆட்டிக்கொண்டிருந்தார். பெயர் நல்லுசாமி. மின்வாரியத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். சொந்த ஊர் செட்டிகுளம், இருப்பது சென்னையில் மகன் வீட்டில்.

"போலீஸைக் கூப்புடுங்கங்கிறேன்! இந்தப் பொண்ணு பெட்டியைத் தொறந்து போட்டுட்டுப் போச்சு. நாங்க எதுக்கு வெயில்ல நிக்கணும்?"

"நிழல்லதானங்க நிக்கிறீங்க" என்றான் மணிவேல். நக்கல் திரும்பி வந்துவிட்டது.

"பைகளைப் பாத்தாச்சா?" என்று கேட்டாள் வெற்றிச்செல்வி.

"எல்லாரும் அவங்களே தொறந்து காட்டிட்டாங்கக்கா. அறிவரசன் சார் மட்டும் காட்டலை."

அறிவரசன் தனியாக, வேன் சக்கரத்தின் ஓரம் உட்கார்ந்திருந்தார். சென்னையில் பழம்பொருள் சேகரிப்பவர். மடியில் தோல் பை. அதைத் தூங்கும் குழந்தையைப்போல் அணைத்துக்கொண்டிருந்தார். பழம்பொருள் சேகரிப்பவர், பையைத் திறக்காதவர், வியர்க்கிறவர். மணிவேலுக்கு வழக்கு முடிந்துவிட்டது. மாப்பிள்ளை டீக்கடையை விட்டுக் கிளம்பும் முன் அரியலூருக்குத் திரும்பிவிடலாம்.

அந்த நேரம் பார்த்து விமானி வந்தார், கையில் தராசு. மளிகைக் கடை வாசலில் ஒரு ரூபாய் போட்டு ஏறி நிற்போமே, அந்த ஜாதித் தராசு. சின்ன விமானம், ஆளையும் பையையும் நிறுத்துத்தான் ஏற்றுவார்களாம்.

"உங்க பை காலையில இவ்வளவு கனம் இல்லையே சார்" என்றார் விமானி, பையோடு தராசில் ஏறிய அறிவரசனிடம்.

மணிவேல் ஒரே எட்டில் பை அருகே போனான். "சார், தொறக்கிறீங்களா, நாங்க தொறக்கவா? ஆயிரம் வருஷச் சமாசாரம், பாத்து மெதுவாத் தொறங்க."

அறிவரசன் முகம் சிவக்க ஜிப்பை இழுத்தார். துண்டு. துண்டுக்குள் இன்னொரு துண்டு. அதற்குள்ளே ஒரு அம்மிக் குழவி.

தூரத்தில் ஆடு மட்டும் கத்தியது.

"விக்கிரமங்கலத்துல சாப்பிட்ட சட்னி அம்மியில அரைச்சதுன்னாங்க" என்றார் அறிவரசன், தலையைக் குனிந்தபடி. "வீட்டுல சொன்னா ஒத்துக்க மாட்டா. எடுத்துட்டுப் போயிக் காட்டலாம்னு... அம்மியை இதுல ஏத்த முடியாதில்ல. முதல்ல குழவி. அடுத்த தடவை அம்மி."

"தமிழ்நாட்டுலயே குழவி வாங்க ஃப்ளைட்ல வந்த முதல் ஆளு நீங்கதான் சார்" என்றான் மணிவேல். வழக்கு முடியவில்லை என்பதில் அவனுக்குக் கொஞ்சம் வருத்தம்.

வெற்றிச்செல்வி இதில் எதையும் கவனித்ததாகத் தெரியவில்லை. காலி மரப்பெட்டியை எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மணி, நீ திருடனா இருந்தா இதை எப்படி எடுப்ப?"

"பெட்டியோட தூக்கிட்டுப் போவேன் மேடம். மண் விளக்கு. பெட்டியில்லாம எடுத்தா ரெண்டு குலுக்குல உடைஞ்சிரும்."

"ஆமா. விக்கிறதுக்கு எடுக்கிறவன் பெட்டியோட எடுப்பான். பெட்டியை வச்சுட்டு விளக்கை மட்டும் எடுத்திருக்காங்கன்னா?"

"உடைஞ்சா உடையட்டும்னு நெனைக்கிறவனா?"

"விளக்கு வேணும்னு நெனைக்கிறவங்க." அவள் தனத்தின் பக்கம் திரும்பினாள். "வேன் இங்க வந்து நின்னதும் யாரெல்லாம் எங்க போனாங்க?"

"எங்கயும் போகலைக்கா. கேட்டுக்குப் பக்கத்துல துர்க்கை கோயில் இருக்கில்ல, அங்க மட்டும் போயிட்டு வந்தாங்க. எல்லாருமே. ஒரு அம்மா மட்டும் இன்னும் வரலை."

"இன்னைக்கு என்ன கிழமை மணி?"

"செவ்வாய்."

"இப்ப என்ன நேரம்?"

மணிவேல் கடிகாரத்தைப் பார்த்தான். மூன்றரையை நெருங்கிக்கொண்டிருந்தது. செவ்வாய்க்கிழமை மூன்றிலிருந்து நாலரை. அவன் அம்மா சொல்லிச் சொல்லி அவனுக்கே மனப்பாடம்.

"ராகு காலம்! ஃப்ளைட்டே ராகு காலத்துலதான் கெளம்புது. யாரு மேடம் இதுக்கு நேரம் குறிச்சது?"

"நட" என்றாள் வெற்றிச்செல்வி.

கோயில் ரொம்பச் சின்னது. கூட்டம் ரொம்பப் பெரியது. அரியலூரிலிருந்தும் சுற்றுப்பக்கத்திலிருந்தும் வந்த பெண்கள் துர்க்கைக்கு முன்னால் கருங்கல் மேடையில் வரிசை வரிசையாக விளக்கு ஏற்றியிருந்தார்கள். எலுமிச்சை மூடி விளக்கு ஒரு பக்கம், அகல் ஒரு பக்கம். மூலையில் தூணில் சாய்ந்து, கண்ணை மூடி, உதடு மட்டும் அசைய ஒரு அம்மாள் உட்கார்ந்திருந்தாள். நல்லுசாமியின் மனைவி இருசம்மாள் என்று தனம் சொன்னாள். முதல் முறை விமானம் ஏறியவள். வரும்போது முழு வழியும் முருகா முருகா என்றே வந்தாளாம்.

"கூப்பிட்டுக் கேக்கட்டுமா?" என்றான் மணிவேல்.

"சாமி கும்பிடுறாங்க, விடு."

வாசலில் விளக்கு விற்கும் காத்தாயி ஒரு வாளித் தண்ணீருக்குள் கையை விட்டு அகல்களை எடுத்து எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"என்னங்கம்மா, விளக்கையெல்லாம் ஊறுகாயாட்டம் ஊறப் போட்டிருக்கீங்க?"

"ஏந்தம்பி, ஒங்க வூட்டுல வெளக்கே ஏத்துறதில்லையா? மண்ணு வெளக்கை அப்படியே ஏத்துனா ஊத்துற எண்ணெயப் பூராவும் அதுவே குடிச்சுப்புடும். குடிச்சிட்டு அடியில ஒழுக விடும். தண்ணியில ஊறப் போட்டுட்டு ஏத்துனா குடிக்காது."

வெற்றிச்செல்வி அவள் அருகில் குந்தி உட்கார்ந்தாள். "இன்னைக்கு வியாபாரம் எப்படிங்கம்மா? வெளியூர்க்காரங்க யாராவது வந்தாங்களா?"

"வந்தாங்க. ரெண்டு பேரு வந்து என்னயக் கொழப்பிட்டாங்க. ஒரு அம்மா எண்ணெயும் திரியும் மட்டும் வாங்குனாங்க. வெளக்கு வேணாம், கொண்டாந்துருக்கேன்னாங்க. செத்த நேரங்கழிச்சு ஒரு ஆம்பள வந்தாரு. வெளக்கு மட்டும் வாங்குனாரு, எண்ணெ வேணாமாம். துண்டால மூஞ்சியத் தொடச்சுக்கிட்டே காசைக் குடுத்தாரு. கூட்டத்துல நான் யாருன்னு பாக்கல."

மணிவேல் சிரித்தான். "ரெண்டு பேரும் பேசி வச்சிக்கிட்டு ஒரே விளக்கா ஏத்தியிருக்கலாம்."

"ஏத்தியிருக்காங்க" என்றாள் வெற்றிச்செல்வி.

அவள் எழுந்து மேடைக்குப் போனாள். வரிசையாக ஒவ்வொரு அகலையும் குனிந்து பார்த்துக்கொண்டே வந்து, கடைசிக்கு முந்திய விளக்கின் அருகில் நின்றாள். நல்ல செம்மண் நிறம், புத்தம் புதுசு, விளிம்பில் இன்னும் ஈரம். சுடர் நிமிர்ந்து எரிந்தது. அவள் காட்டியது விளக்கை அல்ல, அது உட்கார்ந்திருந்த கல்லை. விளக்கைச் சுற்றிக் கல்லில் கருப்பாக ஒரு எண்ணெய் வட்டம். மற்ற எந்த அகலின் அடியிலும் அது இல்லை.

"இந்த விளக்கு ஊறுன விளக்கு. எண்ணெய் குடிக்காது, ஒழுகாது. அப்ப அடியில ஒழுகியிருக்கிறது யாரு?"

மணிவேல் குனிந்து அந்த வட்டத்தைத் தொட்டுப் பார்த்தான். "இதுக்கு முன்னாடி இதே எடத்துல வேறொரு விளக்கு எரிஞ்சிருக்கு. ஊறப் போடாத விளக்கு."

"ஆயிரம் வருஷமா காஞ்சு கெடந்த விளக்கு. எவ்வளவு தாகமா இருந்திருக்கும்!" அவள் கண்ணில் குறும்பு. "ஒருத்தங்க அதை ஏத்தியிருக்காங்க. இன்னொருத்தர் அதை எடுத்துட்டு, எடம் காலியாத் தெரியக்கூடாதுன்னு அதே எண்ணெயையும் திரியையும் புதுசுல மாத்தி வச்சிருக்கார். விளக்கு இப்ப அவர்கிட்டதான் இருக்கு."

"பையில இல்லையே மேடம். ஆளைத் தடவிப் பாக்கவா? நல்லுசாமி நம்மளையே போலீஸ்ல புடிச்சுக் குடுத்துருவாரு."

"எதுக்குத் தடவணும்? குடிச்ச எண்ணெயை அது எத்தனை நேரம் வச்சிருக்கும்? உன் போன்ல சார்ஜ் இருக்கா?"

ஓடுபாதைக்குத் திரும்பியதும் வெற்றிச்செல்வி ஆளே மாறிப்போனாள். கல்யாண வீட்டு போட்டோகிராபரின் உற்சாகம் வந்துவிட்டது அவளுக்கு.

"போலீஸ் வர்றதுக்குள்ள ஒரு குரூப் போட்டோ எடுத்துக்கலாங்க. முதல் பயணம் பாருங்க! எல்லாரும் ஃப்ளைட் முன்னாடி, வெயிலைப் பாத்து நில்லுங்க. தம்பி எடுப்பார்."

போட்டோ என்றால் தமிழர்கள் மறுக்க மாட்டார்கள். நாலு பேர் குடும்பம் உடனே வரிசையானது. அறிவரசன் குழவியோடு நின்றார். நல்லுசாமி முணுமுணுத்துக்கொண்டே வந்து, இடது கையை இடுப்பில் வைத்தபடி ஓரமாக நின்றார். விமானியும் தராசை வைத்துவிட்டு வந்து முடியைக் கோதிக்கொண்டார்.

மணிவேல் எடுத்தான். "அண்ணே, கண்ணை மூடிட்டீங்க" என்று மறுபடி எடுத்தான். "அக்கா, கொஞ்சம் உள்ள தள்ளி நில்லுங்க." மறுபடி. "குழவி தெரியலை சார், கொஞ்சம் தூக்கிப் புடிங்க." மறுபடி. வெயில் சுட்டது. சுண்ணாம்புத் தரையிலிருந்து அனல் எழுந்தது. எல்லோர் நெற்றியிலும் வியர்வை.

"சார், அந்தக் கையை இடுப்புலேர்ந்து எடுங்களேன். போட்டோவுல தகராறுக்கு நிக்கிற மாதிரி இருக்கு" என்றான் நல்லுசாமியைப் பார்த்து.

அவர் கையை எடுத்தார். போன் திரையில் மணிவேல் அதைப் பார்த்தான். வெள்ளைச் சட்டையில், வேட்டி மடிப்புக்கு மேலே, மஞ்சளாக ஒரு புள்ளி. பார்க்கப் பார்க்க அது காசு அளவானது. அப்புறம் இட்லி அளவானது.

"மேடம், விளக்குக்கு வேர்த்திருச்சு" என்றான் மெதுவாக.

வெற்றிச்செல்வி நல்லுசாமியின் முன்னால் போய் நின்றாள். அதட்டவில்லை. "ஐயா, மடியில இருக்கிறதை இறக்கி வச்சிடுங்க. நல்லெண்ணெய்க் கறை, சட்டையை விட்டுப் போகாது."

அவர் குனிந்து பார்த்தார். கையை ஆட்டி ஆட்டிப் பேசிய மனிதர் ஒரே நொடியில் சுருங்கிப்போனார். மடியிலிருந்து துண்டு சுற்றிய பொட்டலத்தை எடுத்து நீட்டினார். உள்ளே விளக்கு. முனையில் கரி, உடம்பெல்லாம் எண்ணெய். உடையவில்லை.

தனம் இரண்டு கைகளாலும் விளக்கை வாங்கிப் பஞ்சில் வைத்தாள். அப்புறம்தான் அவளுக்குக் கோபம் வந்தது. "என்னையப் போலீஸ்ல புடிச்சுக் குடுக்கச் சொன்னீங்களே சார்!"

"நான் திருடலைம்மா" என்றார் நல்லுசாமி. "கோயிலுக்குள்ள போறேன், இது எரிஞ்சுக்கிட்டு இருக்கு. பக்கத்துல எம் பொண்டாட்டி சுத்தி வந்துக்கிட்டு இருக்கா. பகீர்னு ஆயிருச்சு. சர்க்கார் சொத்து, அவளைப் புடிச்சு உள்ள வச்சிருவாங்கன்னு பயந்துட்டேன். அவளுக்கு இதெல்லாம் தெரியாது. கடையில விக்கிற அகல்னு நெனைச்சு எடுத்திருப்பா. சத்தமில்லாம பெட்டியில வச்சிடலாம்னு கொண்டு வந்தேன். அதுக்குள்ள நீ பெட்டியைத் தொறந்து பாத்துட்டுக் கத்திட்டே. அப்புறம் என்ன செய்யிறதுன்னு தெரியலை. சத்தம் போட்டேன். நான் எடுத்தேன்னே இருக்கட்டும்மா. அவ பேரு வேணாம்."

"யாரு சொன்னா எனக்குத் தெரியாதுன்னு?"

எல்லோரும் திரும்பினார்கள். இருசம்மாள் நெற்றி நிறையக் குங்குமத்தோடு நின்றாள். ஒரு கையில் பூ, மறு கையில் வழியில் வாங்கிய செட்டிகுளத்துச் சின்ன வெங்காயம் ஒரு பை.

"அது பழசுன்னு தெரிஞ்சுதான் எடுத்தேன். இந்தப் பொண்ணுதான வேன்ல சொல்லுச்சு, ஆயிரம் வருஷமா மண்ணுக்குள்ள கெடந்துச்சுன்னு. வெளக்குன்னு ஒண்ணைப் பண்ணிப்புட்டு ஆயிரம் வருஷமா ஏத்தாம வச்சிருந்தா அதுக்கு எப்படி இருக்கும்? ஒரு தடவை ஏத்திட்டு, கழுவித் தொடச்சு, பொட்டியில வச்சிடலாம்னு எடுத்துப் போனேன். சுத்தி வந்து பாக்குறேன், பழசு புதுசா மாறியிருக்கு! துர்க்கை என் முன்னாடியே மாத்திட்டாளேன்னு ஒடம்பெல்லாம் ஆடிப்போச்சு. அங்கயே ஒக்காந்துட்டேன்." அவள் கணவரின் சட்டையைப் பார்த்தாள். "மாத்துனது நீங்களா?"

நல்லுசாமி தலையைச் சொறிந்தார். முப்பத்தைந்து வருடக் குடும்ப வாழ்க்கையில் அவரைத் துர்க்கை என்று அவள் நினைத்தது அன்று ஒரு நாள்தான்.

மணிவேல் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். சிரிப்பு பாதியில் நின்றது. ஓடுபாதைக்குள் ஒரு மொபெட் வந்துகொண்டிருந்தது. காட்சியகப் பொறுப்பாளர் உத்திராபதி.

"கரியைத் தொடச்சிட்டுக் குடுத்திடலாம், ஒண்ணும் தெரியாது" என்று குசுகுசுத்தார் அறிவரசன். "மொத நாளே வேலை போயிடும்மா."

தனம் ஒரு கணம் யோசித்தாள். பிறகு பெட்டியை அப்படியே திறந்தபடி எடுத்துக்கொண்டு மொபெட்டை நோக்கி நடந்தாள். "சார், பெட்டியை வேன்ல விட்டுட்டு நான் இறங்கிப் போனது என் தப்பு. இதைக் கோயில்ல ஏத்திட்டாங்க. எண்ணெய் குடிச்சிருக்கு. நீங்க என்ன சொன்னாலும் கேட்டுக்கிறேன்."

உத்திராபதியின் முகம் இருண்டது. விளக்கை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். திருப்பினார். "படிச்ச பொண்ணுன்னு நம்பிக் குடுத்தேன். இப்படி..." பேச்சை நிறுத்திவிட்டுச் சட்டைப் பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்தார். வெகுநேரம் பார்த்தார். விமானி பொறுமையிழந்து கடிகாரத்தைத் தட்டினார்.

"இங்க வாம்மா" என்றார் உத்திராபதி. குரலே வேறாக இருந்தது.

எண்ணெய் ஊறி நிறம் கருத்திருந்த மண்ணில், திரி வைக்கும் மூக்கின் ஓரத்தில், மெல்லிய கோடுகள் வளைந்து வளைந்து தெரிந்தன. ஈர மண்ணைக் கிள்ளி அந்த மூக்கை வைத்த கட்டைவிரலின் ரேகை.

"எத்தனையோ தடவை கையில எடுத்துப் பாத்திருக்கேன். காஞ்ச மண்ணுல இது கண்ணுக்குத் தெரியவே இல்லை" என்றார் அவர்.

"மேடம், நம்ம சர்வீஸ்லயே கிடைச்ச முதல் கைரேகை" என்றான் மணிவேல். "ஆளைத்தான் புடிக்க முடியாது."

இருசம்மாள் எட்டிப் பார்த்து, "சின்ன வெரலா இருக்கே. பொம்பளதான் புடிச்சிருக்கா" என்றாள்.

உத்திராபதி விளக்கைத் தனத்தின் உள்ளங்கையிலேயே வைத்தார். "இனிமே நான் இல்லாம இது வெளிய வராது. தப்பு தப்புதான். ஆனா மறைக்காம வந்து சொன்ன பாரு, அடுத்த செவ்வாயும் நீ வந்தாத்தான் நான் கதவைத் தொறப்பேன். உங்க முதலாளிகிட்ட அதை நானே சொல்றேன்."

தனத்தின் கண்ணிலிருந்து அப்போதுதான் தண்ணீர் வழிந்தது. தோளில் துடைத்துக்கொண்டாள். பிறகு தொண்டையைச் செருமினாள்.

"எல்லாரும் இப்படி வெளிச்சத்துக்கு வாங்க. இந்த விளக்கைப் பத்தி மதியம் நான் சொன்னதுல ஒண்ணு விட்டுப்போச்சு" என்று ஆரம்பித்தாள். விமானி உட்பட எல்லோரும் அவளைச் சுற்றி வந்து நின்றார்கள். அறிவரசன் குழவியைக் கீழே வைத்துவிட்டார்.

வேன் இருக்கையில் கிடந்த அவள் போன் அடித்தது. முதலாளி. வெற்றிச்செல்வி எடுத்துக் காதில் வைத்தாள். அந்தப் பக்கம் என்ன சொன்னார்கள் என்று மணிவேலுக்குக் கேட்கவில்லை.

"தனம் வேலையில இருக்காங்க சார்" என்றாள் வெற்றிச்செல்வி. "முடிச்சிட்டுக் கூப்பிடுவாங்க."